திரைக்குள் ஒரு களம் – 14: யார் கையில் ஆட்டம்?

2002 ஜூலை 4, அமெரிக்காவின் சுதந்திர தினம். அன்று அந்நாட்டு ராணுவம் ஒரு வீடியோ கேமை இணையத்தில் இலவசமாக வெளியிட்டது. அதன் பெயர் ‘அமெரிக்காஸ் ஆர்மி’. 1999இல் ஆள்சேர்ப்பு இலக்கை எட்ட முடியாமல் திணறிய ராணுவத்துக்கு, வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கல்லூரியில் ஆள்பலத்தின் பொருளாதாரத்தை ஆராய்ந்துகொண்டிருந்த கேசி வார்டின்ஸ்கி என்ற அதிகாரி சொன்ன யோசனை அது. இளைஞர்கள் இருக்கும் இடத்துக்கு ராணுவம் போக வேண்டும். அவர்கள் இருப்பதோ கணினித் திரைக்கு முன்னால். கலிஃபோர்னியாவின் மான்டெரேயில் உள்ள கடற்படை முதுநிலைக் கல்லூரியில் ஒரு குழு அதை உருவாக்கிக் கொடுத்தது. துப்பாக்கிகளும் பயிற்சிக் களங்களும் எத்தனை தத்ரூபம் என்று ஆடியவர்கள் வியந்தார்கள். ஆனால் அந்த ஆட்டத்தின் மிகச் சாமர்த்தியமான பகுதி அதன் ஒரு விதிக்குள் இருந்தது. இரண்டு அணிகள் மோதும். ஒவ்வொரு அணியின் திரையிலும் தன் ஆட்கள் அமெரிக்கச் சிப்பாய்களாகவும் எதிரில் இருப்பவர்கள் எதிரியாகவும் தெரிவார்கள். எதிரணியின் திரையிலும் அப்படியேதான். ஆக, லட்சக்கணக்கானோர் கலந்துகொண்ட ஒரு போரில் எவருமே எதிரியாக ஆடவில்லை. ஆனாலும் ஒவ்வொருவரும் யாரோ ஒருவர் கண்ணுக்கு எதிரியாக ஓடிக்கொண்டிருந்தார்கள். நாம்தான் எப்போதும் நல்லவர்கள் என்ற கருத்தை இதைவிட அழுத்தமாகச் சொல்ல எந்தச் சொற்பொழிவாலும் முடியாது. அங்கே அதை யாரும் சொல்லவே இல்லை. ஆடியவர்கள் அதற்குள் வாழ்ந்தார்கள்.

சமூக மாற்றத்துக்கான வீடியோ கேம் என்றதும் தொண்டு நிறுவனங்களும் பல்கலைக்கழக மாணவர்களும் நினைவுக்கு வருவது வழக்கம். வரலாற்றின் வரிசை சற்றுச் சங்கடமானது. ஒரு கருத்தை விதிக்குள் வைத்து லட்சக்கணக்கானோர் கையில் கொடுக்கலாம் என்பதைப் பெரிய அளவில் முதலில் செய்து காட்டியது ஒரு ராணுவம். நல்லவர்கள் பின்னால் வந்தார்கள். அதே 2002இல் வாஷிங்டனின் உட்ரோ வில்சன் மையத்தில் பொழுதுபோக்கைத் தாண்டிய ஆட்டங்களுக்காக ஒரு முயற்சி தொடங்கியது. 2004இல் நியூயார்க்கில் ‘கேம்ஸ் ஃபார் சேஞ்ச்’ என்ற அமைப்பு உருவானது. 2007இல் இயன் போகோஸ்ட் ‘பெர்ஸ்வேசிவ் கேம்ஸ்’ என்ற நூலில் இதற்கு ஒரு கோட்பாட்டு அடிப்படை தந்தார். பேச்சு சொல்லாலும், சினிமா காட்சியாலும், ஆட்டம் தன் செயல்முறையாலும் வாதிடுகிறது என்பது அவர் கருத்தின் சாரம். அந்த ஆண்டுகளில் மேடைதோறும் ஒரு நம்பிக்கை ஒலித்தது. ஆடுபவரை இன்னொருவரின் நிலையில் நிறுத்தினால் பரிவு பிறக்கும், பரிவு பிறந்தால் உலகம் மாறும் என்பதே அது. இந்த நம்பிக்கையில் முதல் பாதி ஓரளவு மெய், இரண்டாம் பாதி பெரும்பாலும் பொய் என்பதுதான் இந்தப் பகுதியில் நான் வைக்கும் வாதம். ஆட்டம் முடிந்து மறுநாள் காலையில், ஆட்டம் பேசிய அதே விஷயத்தில் ஒரு முடிவெடுக்க ஆடியவருக்கு வாய்ப்பு இருந்ததா என்பதைப் பொறுத்தே மாற்றம் நிகழ்ந்திருக்கிறது. கண்ணீர் எவ்வளவு வந்தது என்பதை வைத்து அதை அளக்க முடியவில்லை.

முன்கதையைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம். 1980இல் அட்டாரி நிறுவனத்துக்காக டேவ் தியூரர் ‘மிசைல் கமாண்ட்’ என்ற ஆர்கேட் ஆட்டத்தைச் செய்தார். வானிலிருந்து விழும் அணு ஏவுகணைகளிடமிருந்து ஆறு நகரங்களைக் காக்க வேண்டும். ஏவுகணைகள் பெருகிக்கொண்டே போகும். இறுதி வெற்றி என்று ஒன்று அதில் கிடையாது. எத்தனை திறமைசாலி ஆனாலும் ஒரு கட்டத்தில் எல்லா நகரங்களும் அழிந்து, முடிவு வந்துவிட்டது என்று திரை அறிவிக்கும். 1985இல் கிறிஸ் கிராஃபோர்ட் உருவாக்கிய ‘பேலன்ஸ் ஆஃப் பவர்’ இன்னும் ஒரு படி மேலே போனது. ஆடுபவர் அமெரிக்க அதிபராகவோ சோவியத் தலைவராகவோ இருந்து உலக நாடுகளில் செல்வாக்கைப் பெருக்க வேண்டும். மிரட்டலுக்கு மிரட்டல் என்று போய் அணு ஆயுதப் போர் மூண்டால், திரையில் வெடிப்பும் நெருப்பும் வராது. இருண்ட திரையில் சில வரிகள் மட்டும் வரும். தோற்றவருக்கு வாணவேடிக்கை காட்டிப் பரிசளிப்பதாக இல்லை என்று கண்டிக்கும் வரிகள். இரண்டுமே காசு ஈட்டச் செய்த வணிகச் சரக்கு. வெற்றியை மறுப்பதன் மூலமும் ஓர் ஆட்டம் பேச முடியும் என்ற அறிவு, தொண்டு நிறுவனங்கள் வருவதற்கு 20 ஆண்டுகளுக்கு முன்பே வணிக உலகத்தில் இருந்தது.

அந்த அறிவை மிகக் கூர்மையாகத் தீட்டியவர் உருகுவேயின் கொன்சாலோ ஃப்ராஸ்கா. 2003இல் அவரும் அவர் குழுவினரும் இணையத்தில் ‘செப்டம்பர் 12’ என்ற சிறிய படைப்பை வெளியிட்டார்கள். உலாவியில் திறந்தால் மேலிருந்து பார்த்த மத்தியக் கிழக்கு ஊர் ஒன்று தெரியும். சந்தை, வீடுகள், நடமாடும் மக்கள். நடுநடுவே துப்பாக்கி ஏந்திய சிலர். ஆடுபவர் கையில் இருப்பது ஒரே ஒரு குறிவட்டம். அழுத்தினால் ஏவுகணை பாயும், ஆனால் உடனே பாயாது. அந்தச் சில நொடித் தாமதத்துக்குள் குறிவைத்தவர் நகர்ந்துவிடுவார். குழந்தையோ பெண்ணோ அங்கே வந்திருப்பார். ஏவுகணை விழும், வீடு இடியும், செத்தவரைச் சுற்றி ஆட்கள் கூடி அழுவார்கள். அழுதவர்களில் சிலர் எழும்போது கையில் துப்பாக்கி இருக்கும். சுடச்சுடப் பயங்கரவாதிகள் பெருகுகிறார்கள். சுடாமல் சும்மாவும் இருக்கலாம். வெற்றியோ தோல்வியோ இதில் இல்லை என்று தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறார்கள். அமெரிக்கப் படை இராக்கில் நுழைந்த ஆண்டு அது. பயங்கரவாதத்தின் மீதான போர் பயங்கரவாதத்தையே வளர்க்கிறது என்று அப்போது நூற்றுக்கணக்கான கட்டுரைகள் வந்தன. கட்டுரை படிப்பவர் அதை மறுத்துவிட்டுப் போகலாம். இங்கே அந்த விளைவை உண்டாக்கியதே ஆடுபவரின் சொந்த விரல். அடுத்த ஆண்டு மார்ச்சில் மாட்ரிட் ரயில்களில் குண்டு வெடித்தபோது, அதே குழு ஓரிரு நாளில் இன்னொன்றைச் செய்தது. ஒரு கூட்டம் ஏந்தி நிற்கும் மெழுகுவத்திகள் மங்கிக்கொண்டே இருக்கும். ஒவ்வொன்றாகத் தொட்டுத் தொட்டு ஒளியைக் காக்க வேண்டும். செய்தித்தாளின் கேலிச்சித்திரம் செய்யும் வேலையை ஆட்டம் செய்யத் தொடங்கிவிட்டிருந்தது.

ஒப்பீட்டையும் கேலிச்சித்திரத்தோடு நிறுத்திக்கொள்வதே நியாயம். கேலிச்சித்திரம் ஓர் ஆட்சியை உறுத்தும், கவிழ்க்காது. ‘செப்டம்பர் 12’ ஆடியவர்களில் போரை முடிவு செய்யும் இடத்தில் இருந்தவர் யார்? பெரும்பாலானோர் ஏற்கெனவே போரை எதிர்த்தவர்களாகவே இருந்திருப்பார்கள். ஆதரித்தவர்கள் இரண்டு நிமிடத்தில் எரிச்சலோடு மூடியிருப்பார்கள். வடிவத்தின் அழகைக் குறைத்துச் சொல்ல இதைச் சொல்லவில்லை. இந்த வகைமையில் இதுவரை வந்தவற்றுள் சிக்கனத்திலும் தெளிவிலும் இதை மிஞ்சியது இல்லை என்றே நினைக்கிறேன். ஆனால் தெளிவு வேறு, விளைவு வேறு. அந்த இடைவெளியைப் பார்க்க மறுத்ததுதான் அடுத்த சில ஆண்டுகளின் கதை.

2005இல் ஐ.நா.வின் உலக உணவுத் திட்டம் ‘ஃபுட் ஃபோர்ஸ்’ என்ற ஆட்டத்தைக் குழந்தைகளுக்காக வெளியிட்டது. இந்தியப் பெருங்கடலில் ‘ஷேலன்’ என்றொரு கற்பனைத் தீவு. (பெயரைக் கேட்டால் நமக்கு வேறொரு தீவு நினைவுக்கு வருவதைத் தடுக்க முடியாது.) அங்கே வறட்சி, உள்நாட்டுப் போர், பசி. ஆறு பணிகளாகப் பிரித்து உணவை விமானத்திலிருந்து போடுவது, லாரிகளைக் கண்ணிவெடிச் சாலையில் கொண்டுசேர்ப்பது என்று ஆடவேண்டும். அரிசி, பருப்பு, எண்ணெய், சர்க்கரை, உப்பு ஆகியவற்றை ஓர் ஆளுக்கு நாளொன்றுக்குச் சில சென்ட் செலவுக்குள் சத்துள்ள உணவாகக் கலப்பது ஒரு பணி. அது ஒன்றுதான் அந்த ஆட்டத்தில் உண்மையாகச் சிந்திக்க வைத்த இடம் என்பேன். லட்சக்கணக்கான குழந்தைகள் பதிவிறக்கினார்கள். அடுத்த ஆண்டு, 2006 ஏப்ரல் 30 அன்று, சூடானின் டார்ஃபர் பகுதியில் நடந்த போரை எதிர்த்து வாஷிங்டனில் பெருந்திரள் கூடிய நாளில் ‘டார்ஃபர் இஸ் டையிங்’ வெளியானது. எம்டிவியின் கல்லூரி அலைவரிசை நடத்திய போட்டியில் வென்ற, தென் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தின் சுசானா ரூயிஸும் சக மாணவர்களும் செய்தது. சூடானின் மேற்கில் ஓர் அகதி முகாம். தண்ணீர் எடுக்கக் குடும்பத்தில் ஒருவரை அனுப்ப வேண்டும். தகப்பனைத் தேர்ந்தெடுத்தால் ஆட்டம் மறுக்கும். ஆண்கள் வெளியே போனால் ஜன்ஜவீத் என்ற ஆயுதக் குழுவின் படையினர் கொன்றுவிடுவார்கள், வேறு யாரையாவது அனுப்பு என்று சொல்லும். ஆக, ஆடுபவர் ஒரு பெண்ணையோ சிறுவனையோ சிறுமியையோ பாலைவனத்தில் ஓடவிட வேண்டும். லாரியில் வரும் படையினரிடம் பிடிபட்டால், அந்த வயதில் உள்ள அவருக்கு என்ன நேர்ந்திருக்கும் என்று திரை ஒரு பத்தியில் சொல்லும். தகப்பனை மறுக்கும் அந்த ஒரு விதி, டார்ஃபரைப் பற்றிய நீண்ட அறிக்கைகள் செய்யாததைச் செய்தது. யாரை அனுப்புவது என்று டார்ஃபர் குடும்பங்கள் எடுத்த முடிவு முட்டாள்தனமானதோ கொடூரமானதோ கிடையாது என்பதை அது ஒரே நொடியில் புரியவைத்தது.

ஆட்டத்துக்குள்ளேயே அதிபர் புஷ்ஷுக்குக் கடிதம் அனுப்பவும் நாடாளுமன்ற உறுப்பினருக்கு வேண்டுகோள் விடுக்கவும் பொத்தான்கள் இருந்தன. சில மாதங்களுக்குள் லட்சக்கணக்கானோர் ஆடினார்கள். ஆயிரக்கணக்கில் கடிதங்கள் போயின. இதையே வெற்றி என்று பல மேடைகளில் காட்டினார்கள். டார்ஃபரில் நடந்ததை வரிசையாகப் பார்ப்போம். 2007 ஜூலையில் ஐ.நா. பாதுகாப்பு அவை ஓர் அமைதிப் படைக்கு ஒப்புதல் தந்தது. 2009இல் சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றம் சூடான் அதிபர் ஒமர் அல் பஷீரைக் கைது செய்ய ஆணை பிறப்பித்தது. அவர் மேலும் பத்து ஆண்டுகள் ஆட்சியில் இருந்தார். ஜன்ஜவீத்தின் வழிவந்த துணைப்படை 2023இல் மீண்டும் போரில் இறங்கியபோது டார்ஃபர் மறுபடியும் எரிந்தது. உலாவியில் ஓடும் ஒரு சிறிய ஃபிளாஷ் ஆட்டத்தால் போரை நிறுத்த முடியவில்லை என்று குறை சொல்வது அபத்தம் என்று வாசகர் சொல்லலாம். எந்த நாவல் போரை நிறுத்தியது, எந்தப் படம் பஞ்சத்தைத் தீர்த்தது என்றும் கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனால் நாவலாசிரியர் தன் முகப்பில் அந்த வாக்குறுதியைப் பொறிப்பதில்லை; இந்த ஆட்டங்கள் பொறித்தன. வாக்குறுதி தந்தவரிடம் கணக்குக் கேட்பதில் தவறில்லை. அந்தக் கணக்கைப் பார்த்தால், அமெரிக்காவின் ஓஹையோவில் உட்கார்ந்திருக்கும் ஒரு மாணவருக்கு டார்ஃபர் விஷயத்தில் இருந்த அதிகாரம் ஒரு பொத்தானின் அளவுதான். அந்தப் பொத்தானை அவர் அழுத்தினார். அதற்கு மேல் அவர் கையில் ஒன்றுமில்லை.

பிறர் துன்பத்தை ஆட்டமாக்குவதே கேவலம் என்ற எதிர்ப்பு இந்த ஆட்டங்களைவிடப் பழையது. எளிதில் தள்ளக் கூடியதும் இல்லை. அமெரிக்கப் பள்ளிகளில் பிரபலமான ‘ஆரிகன் டிரெயில்’ ஆட்டத்தைப் பரப்பிய மின்னசோட்டா நிறுவனமான மெக், 1992இல் ‘ஃப்ரீடம்!’ என்ற ஆட்டத்தை வெளியிட்டது. தெற்கு மாநிலப் பண்ணையிலிருந்து வடக்கு நோக்கித் தப்பிக்கும் கறுப்பின அடிமையாகக் குழந்தைகள் ஆட வேண்டும். நோக்கத்தில் குற்றமில்லை. வகுப்பறையில் நடந்தது வேறு. அடிமை முறையை அங்கே வெல்ல வேண்டிய ஒரு போட்டியாகக் குழந்தைகள் ஆடினார்கள். கறுப்பினக் குழந்தைகள் பரிகாசத்துக்கு ஆளானதாகப் பெற்றோர் எதிர்த்தார்கள். 1993இல் நிறுவனம் ஆட்டத்தைத் திரும்பப் பெற்றது. ஆட்டம் என்ற வடிவம் எந்தத் துன்பத்தையும் மலினப்படுத்தும் என்பதற்கு இதைச் சான்றாகக் காட்டுவோர் உண்டு. எனக்கு இது சொல்வது வேறொன்று. வெல்லும் வழியை மட்டும் விதியாக வைத்துவிட்டு, வேதனையைப் பின்னணிப் படமாக ஒட்டினால் குழந்தைகள் வெல்லும் வழியைத்தான் கற்பார்கள். ‘செப்டம்பர் 12’ மீது யாராலும் அந்தக் குற்றச்சாட்டைச் சுமத்த முடியாது. அங்கே வேதனையே விதி. கூடவே, ‘ஃப்ரீடம்!’ வகுப்பறையில் இருந்த கறுப்பினக் குழந்தைக்கு அது தூரத்துக் கதை கிடையாது, தன் பாட்டன் கதை. அதைத் தயாரித்தவர்கள் யார் ஆடப்போகிறார்கள் என்று கேட்டுப் பார்த்திருந்தால் இந்த விபத்து நேர்ந்திருக்காது.

அந்தக் கேள்வியை முதலிலேயே கேட்டுத் தொடங்கிய ஆட்டம் ஒன்று இருக்கிறது. இந்த வரலாற்றில் அதற்குக் கிடைக்க வேண்டிய இடம் இன்னும் கிடைக்கவில்லை. கலிஃபோர்னியாவில் பாம் ஓமிட்யார் 2001இல் நிறுவிய ஹோப்லேப் என்ற அமைப்பு, 2006இல் ‘ரீ-மிஷன்’ என்ற ஆட்டத்தை வெளியிட்டது. ஆடப்போகிறவர்கள் புற்றுநோய்க்குச் சிகிச்சை பெறும் இளம்பருவத்தினர். இவர்களைப் பற்றி மருத்துவர்களுக்கு நீண்டகாலமாக ஒரு கவலை இருந்தது. மருத்துவமனையில் ஏற்றும் மருந்து போய்ச் சேர்ந்துவிடுகிறது. வீட்டில் மாதக்கணக்கில் விழுங்க வேண்டிய மாத்திரைகளைப் பதின்ம வயதினர் விட்டுவிடுகிறார்கள். மறதியும் சலிப்பும் மட்டும் காரணமில்லை, நோயாளி என்ற நினைப்பே வேண்டாம் என்ற வீம்பும் உண்டு. ஆட்டத்தில் ராக்ஸி என்ற நுண் எந்திரப் பெண் நோயாளியின் ரத்தத்தில் புகுந்து புற்றணுக்களைச் சுட்டு வீழ்த்துவாள். சுத்தமான துப்பாக்கி ஆட்டம். வெல்லவும் முடியும், வெல்லவும் வேண்டும். ஆனால் ஆட்டத்துக்குள் இருக்கும் நோயாளி மாத்திரையைத் தவறவிட்டால் ராக்ஸியின் ஆயுதம் திக்கித் திணறும், தப்பிய அணுக்கள் மருந்துக்கு அடங்காதவையாகத் திரும்பி வரும். மருந்தெதிர்ப்பைப் பற்றிய ஒரு பாடம் முழுவதும் அந்தத் திணறலில் அடங்கிவிடுகிறது.

அமெரிக்கா, கனடா, ஆஸ்திரேலியா ஆகிய மூன்று நாடுகளின் 34 மருத்துவ மையங்களில், 13 முதல் 29 வயது வரையான 375 நோயாளிகளிடம் சோதனை நடத்தி, 2008இல் ‘பீடியாட்ரிக்ஸ்’ இதழில் முடிவை வெளியிட்டார்கள். குலுக்கல் முறையில் ஒரு பாதிக்கு ‘ரீ-மிஷன்’ கிடைத்தது. இன்னொரு பாதிக்கு இந்தியானா ஜோன்ஸ் பற்றிய சாதாரண வணிக ஆட்டம் மட்டும். மாத்திரைப் புட்டி எத்தனை முறை திறக்கப்பட்டது என்பதைப் பதிவு செய்யும் மின்னணு மூடியும் ரத்தப் பரிசோதனையும் வைத்து அளந்தார்கள். ‘ரீ-மிஷன்’ ஆடியவர்கள் மருந்தை ஒழுங்காக உட்கொண்டார்கள். நோயைப் பற்றிய அறிவும், தன்னால் சமாளிக்க முடியும் என்ற நம்பிக்கையும் கூடின. மன அழுத்தமோ வாழ்க்கைத் தரமோ அதிகம் மாறவில்லை என்பதையும் அதே கட்டுரை ஒளிக்காமல் சொன்னது. நான் இந்த ஆய்வை நம்புவதற்கு அதுவும் ஒரு காரணம். ஓர் ஆட்டம் மனிதரின் நடத்தையை மாற்றியது என்று சொல்வதற்கு இந்தத் துறையில் கிடைக்கும் சான்றுகளில் இது முன்வரிசையில் நிற்பது. இங்கே பரிவுக்கு இடமே இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். ஆடியவர் யாரையும் நினைத்து இரங்கவில்லை. ஆட்டத்தை அணைத்த பிறகு அவர் பக்கத்து மேசையில் ஒரு புட்டி இருந்தது. அதைத் திறப்பதா வேண்டாமா என்பது அவர் கையில் இருந்தது.

என் வாதத்துக்கு வசதியாக இந்த இடத்தில் நிறுத்திவிடலாம். ஆனால் எதிர்ச்சான்று ஒன்று இருக்கிறது. கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் கருக்கொண்டு, ஆசி புராக், எரிக் பிரவுன் ஆகியோர் 2007இல் வெளியிட்ட ‘பீஸ்மேக்கர்’ என்ற ஆட்டம் இஸ்ரேல் - பாலஸ்தீனப் பிரச்சினையைப் பற்றியது. புராக் இஸ்ரேல் ராணுவத்தின் உளவுப் பிரிவில் பணியாற்றியவர். ஆடுபவர் இஸ்ரேல் பிரதமராகவோ பாலஸ்தீன அதிபராகவோ இருந்து முடிவெடுக்க வேண்டும். ஹீப்ரு, அரபி, ஆங்கிலம் மூன்றிலும் ஆடலாம். அனாபொலிஸ் அமைதி மாநாட்டுச் சமயத்தில் இஸ்ரேலின் ஹாரெட்ஸ், ஜெருசலேமின் அல்-குத்ஸ் நாளிதழ்களோடு அதன் பிரதிகள் இலவசமாகப் போயின. யாருடைய துன்பமோ அவர்கள் கையிலேயே ஆட்டம் போய்ச் சேர்ந்தது. ஆனால் இஸ்ரேலிய, பாலஸ்தீன, துருக்கி, அமெரிக்க மாணவர்களை ஆடவைத்து ஆராய்ந்தவர்கள் கண்டது எதிர்பாராதது. எல்லோருக்கும் விஷய அறிவு கூடியது. நிலைப்பாடு நகர்ந்தது துருக்கி, அமெரிக்க மாணவர்களிடம். இரு தரப்பின் சொந்த மக்களிடம் அப்படி நகரவில்லை. அப்படியானால் சம்பந்தப்பட்டவர் கையில் ஆட்டம் இருந்தால் போதும் என்ற எண்ணம் உடைகிறதே? உடைகிறது, உடைய வேண்டியதுதான். சம்பந்தப்பட்டவர் என்பதும் முடிவெடுப்பவர் என்பதும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. ரமல்லாவில் உள்ள மாணவி ஆட்டத்தில் அதிபராக இருந்தாள். ஆட்டத்தை மூடியதும் சோதனைச் சாவடியில் வரிசையில் நிற்பவளாக இருந்தாள். இரண்டு பக்கமும் சமமாக விட்டுக்கொடுத்தால் நோபல் பரிசு கிடைக்கும் என்று சொன்ன விதி, அவள் அன்றாடம் கண்ட விதியோடு பொருந்தவில்லை. தொலைவில் இருந்தவர்களுக்கு அந்தப் பொருத்தமின்மை தெரியவில்லை, ஆகவே அவர்களை அது வசப்படுத்தியது. ஆட்டத்தின் விதி பொய்யாக இருந்தால் அதை முதலில் கண்டுபிடிப்பவர் அந்த வாழ்க்கையை வாழ்பவர்தான்.

2012இல் ஐ.நா.வின் குடியிருப்புத் திட்டமும் ‘மைன்கிராஃப்ட்’ ஆட்டத்தைச் செய்த ஸ்வீடனின் மோஜாங் நிறுவனமும் தொடங்கிய ‘பிளாக் பை பிளாக்’ திட்டத்தை இந்த வெளிச்சத்தில் பார்க்கலாம். ஒரு திடலோ குளக்கரையோ தெருவோ ‘மைன்கிராஃப்ட்’ கட்டைகளால் அப்படியே உருவாக்கப்படும். அந்தப் பகுதி மக்களைச் சில நாள் பட்டறைக்கு அழைத்து, எங்கே விளக்கு வேண்டும், எங்கே சுவர் வேண்டாம் என்று அவர்களையே கட்டச் சொல்வார்கள். நைரோபியின் கிபேராவிலும் காத்மாண்டுப் பள்ளத்தாக்கின் கீர்த்திபூர்க் குளக்கரையிலும் இப்படி நடந்தது. கட்டட வரைபடத்தை முன்னால் விரித்தால் வாய்திறக்காத பெண்களும் சிறுவர்களும் இங்கே பேசினார்கள், ஏனெனில் மாற்றுவது அவர்கள் விரலுக்கு எளிதாக இருந்தது. இதில் கதையும் கிடையாது, கண்ணீரும் கிடையாது. ஆட்டமா, வரைபடக் கருவியா என்ற ஐயமே எழலாம். பட்டறையில் வந்த வடிவத்தை நகராட்சி நிறைவேற்றினால்தான் எல்லாம். நிறைவேற்றாத இடத்தில் அது வெறும் பொம்மை வேலை. முடிவெடுக்கும் அதிகாரத்தை ஆட்டம் உண்டாக்குவதில்லை. ஏற்கெனவே கொடுக்கப்பட்ட அதிகாரத்தைப் பயன்படுத்தக் கற்றுத்தருகிறது.

இந்தத் துறையினரைத் திணறடிக்கும் கேள்வி ஒன்று மிச்சமிருக்கிறது. ஆட்டம் நல்லதைக் கற்றுத்தரும் என்றால் கெட்டதையும் கற்றுத்தராதா? வன்முறை ஆட்டங்களைச் சிறுவர்களுக்கு விற்பதைத் தடுக்கும் கலிஃபோர்னியச் சட்டத்தை 2011 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் 7க்கு 2 என்ற கணக்கில் ரத்து செய்தது. நூல்களுக்கும் நாடகங்களுக்கும் உள்ள கருத்துரிமை வீடியோ கேமுக்கும் உண்டு என்றும், வன்முறைக்கு ஆட்டமே காரணம் என்பதை ஆய்வுகள் நிறுவவில்லை என்றும் தீர்ப்பு சொன்னது. துறையினர் கொண்டாடினார்கள். அதே வாயால், எங்கள் ஆட்டம் மனிதரைப் பண்படுத்துகிறது என்று நன்கொடை கேட்கவும் செய்தார்கள். இரண்டையும் சேர்த்துச் சொல்வது முரண் என்ற குற்றச்சாட்டு சரிதான், பரிவை மட்டும் நம்பி வாதாடும்வரை. கையிலுள்ள முடிவு என்ற அளவுகோலை வைத்தால் முரண் பெரும்பாலும் கரைகிறது. திரையில் சுடும் சிறுவனுக்கு மறுநாள் காலையில் சுடுவதா வேண்டாமா என்ற முடிவு காத்திருப்பதில்லை. மாத்திரை காத்திருக்கிறது. இந்த அளவுகோலின் இன்னொரு விளைவு அவ்வளவு இனிமையாக இல்லை. 18 வயதில் ராணுவத்தில் சேர்வதா என்று யோசித்துக்கொண்டிருக்கும் ஓர் ஏழை அமெரிக்க இளைஞருக்கு ‘அமெரிக்காஸ் ஆர்மி’ பேசிய விஷயம் அவர் கையிலேயே இருந்த முடிவு. ராணுவம் தன் ஆட்டக்காரரைச் சரியாகத் தேர்ந்தெடுத்திருந்தது.

அதை உணர்ந்த கலைஞர் ஒருவர் இருந்தார். நெவாடா பல்கலைக்கழகத்தில் கலை கற்பித்த ஜோசஃப் டெலாப், 2006 மார்ச் முதல் அந்த ஆட்டத்துக்குள் ‘டெட்-இன்-இராக்’ என்ற பெயரில் நுழைந்தார். நுழைந்ததும் துப்பாக்கியைக் கீழே போட்டுவிட்டு, எல்லோரும் பேசிக்கொள்ளும் செய்திப் பெட்டியில் இராக்கில் இறந்த அமெரிக்கச் சிப்பாய் ஒருவரின் பெயர், வயது, இறந்த நாள் ஆகியவற்றைத் தட்டச்சு செய்வார். யாராவது அவரைச் சுட்டு வீழ்த்துவார்கள். அடுத்த சுற்றில் எழுந்து அடுத்த பெயர். வாயை மூடு என்று சக ஆட்டக்காரர்கள் திட்டினார்கள். சில சமயம் வெளியேற்றினார்கள். அமெரிக்கப் படை இராக்கை விட்டு விலகிய 2011 வரை, 4,000க்கும் மேற்பட்ட பெயர்களை இப்படி எழுதினார். புதிய ஆட்டம் எதையும் அவர் உருவாக்கவில்லை. ராணுவத்தின் ஆட்டத்தில் சாவு என்பது சில நொடிக் காத்திருப்பு. அந்த விதிக்குள்ளேயே மீளாத சாவுகளின் பட்டியலைக் கொண்டுபோய் வைத்தார். சேர்வதா வேண்டாமா என்று யோசிக்கும் இளைஞர்கள் கூடியிருந்த அதே அறைக்குள் அதைச் செய்தார் என்பதால், இரங்கல் இணையதளங்கள் பலவற்றைவிட இது கூர்மையான செயல்.

பரிவு வீண் என்று நான் முடித்துவிட்டதாக யாரும் எண்ண வேண்டாம். போலந்தின் வார்சாவில் இயங்கும் 11 பிட் ஸ்டுடியோஸ் 2014இல் வெளியிட்ட ‘திஸ் வார் ஆஃப் மைன்’ ஆட்டத்தில், முற்றுகையிடப்பட்ட நகரத்தின் சாதாரண மக்களாக ஆட வேண்டும். 1990களின் சரயேவோ முற்றுகை அதற்குத் தூண்டுதல். மருந்துக்காக ஒரு முதிய தம்பதியின் வீட்டில் திருடலாம். திருடினால் பிழைக்கலாம், திருடியவர் மனமுடைந்து படுத்துவிடுவார். லூக்கஸ் போப் 2013இல் தனியாளாகச் செய்த ‘பேப்பர்ஸ், ப்ளீஸ்’ ஆட்டத்தில் எல்லைச் சாவடி அதிகாரியாக அமர்ந்து முத்திரை குத்த வேண்டும். இரக்கம் காட்டினால் சம்பளம் குறையும், வீட்டில் பிள்ளை பட்டினி கிடக்கும். தொண்டு நிறுவனம் எதுவும் இவற்றுக்குப் பணம் தரவில்லை. மக்கள் காசு கொடுத்து வாங்கி, பத்து நிமிட ஃபிளாஷ் ஆட்டத்துக்குக் கிடைக்காத பல மணி நேரப் பொறுமையைக் கொடுத்தார்கள். அந்த மணி நேரங்களில் கிடைப்பது பரிவைவிட மதிப்பு வாய்ந்த ஒன்று: நல்லவன் என்று தன்னை நினைத்திருந்தவர், நெருக்கடியில் தான் என்னவாக ஆவார் என்று காண்கிறார். 2020இல் போலந்து அரசு ‘திஸ் வார் ஆஃப் மைன்’ ஆட்டத்தைப் பள்ளி மாணவர்களுக்கான பரிந்துரைப் பட்டியலில் சேர்ப்பதாக அறிவித்தது. ஆட்டத்தின் வயது வரம்பு 18 என்பதால், பள்ளியின் கடைசி ஆண்டில் இருப்பவர்களுக்கே அது பொருந்தும். இரண்டு ஆண்டுகளில் பக்கத்து நாடான உக்ரைனில் போர் மூண்டு, அகதிகள் லட்சக்கணக்கில் எல்லையைத் தாண்டி வந்தபோது, அதே நிறுவனம் அந்த ஆட்டத்தின் ஒரு வார லாபத்தை உக்ரைன் செஞ்சிலுவைச் சங்கத்துக்குக் கொடுத்தது. வீட்டுக் கதவைத் திறப்பதா மூடுவதா என்ற முடிவு அப்போது போலந்துக்காரர்கள் கையில் இருந்தது. அந்த ஆட்டத்தை ஆடியதால்தான் திறந்தார்கள் என்று சொல்ல எனக்குச் சான்று இல்லை, சொல்லவும் மாட்டேன்.

இதுவரை பார்த்தவை எல்லாம் ஒரு நோக்கத்தோடு யாரோ செய்து கொடுத்தவை. நோக்கமே இல்லாத ஓர் ஆட்டத்தை மக்கள் தாங்களாகக் கைப்பற்றிக்கொண்டால் என்ன ஆகும் என்பது அடுத்த பகுதி. 2020இல் கொரோனாவால் தெருக்கள் மூடப்பட்டபோது, ஹாங்காங் இளைஞர்கள் நின்டெண்டோவின் ‘அனிமல் கிராஸிங்’ ஆட்டத்தில் தாங்கள் அமைத்த தீவுகளில் போராட்டப் பதாகைகளை நட்டார்கள். அந்த ஏப்ரலில் சீனாவின் இணையக் கடைகளிலிருந்து அந்த ஆட்டம் காணாமல் போனது.